பதிலாள்

பதிலாள் வந்தால் விடுவிக்கிறேன் என்றார் நிர்வாக உத்தியோகத்தர்.
அதாவது
மன்னாரில் வேலை பார்க்கும் யாரோ ஒருவருக்கு
திருகோணமலையில் ஒரு துன்பம் இருக்க வேண்டும்.
என் வகுப்பில், என் தரத்தில்,
ஏறக்குறைய என் அளவில்.

நாலு வருடம் தேடினேன்.

விண்ணப்பத்தில் ஒரு கூடு:
'துணைவர் கடமையாற்றும் இடம்.'
கடல் என்று எழுதினேன்.
திருப்பி அனுப்பினார்கள்.
நானும் திருப்பி அனுப்புகிறவள்தான்,
ஒரு கையொப்பம் குறைந்தாலும்.
அதனால் கோபம் வரவில்லை.
பேசாலை, சொந்தத் தொழில் என்று மாற்றிக் கொடுத்தேன்.

வெள்ளி பின்னேரம் பஸ். வவுனியாவில் மாறி,
மன்னாரில் மாறி,
போய்ச் சேரும்போது மகன் நித்திரை.
திங்கள் அதிகாலை ஒன்றரைக்கு
என் சேலைத் தலைப்பைப் பிடித்திருக்கும் விரல்களை
ஒவ்வொன்றாய்க் கழற்றி
தலையணையை உள்ளே வைத்துவிட்டு வருவேன்.
அதுவும் ஒரு பதிலாள்.
யாரும் அங்கீகரிக்கவில்லை, அவனைத் தவிர.
'அம்மாவின் பெயர்' என்று கேட்ட பாடசாலைக் கொப்பியில்
'திருகோணமலை' என்று எழுதியிருந்தான்.
ரீச்சர் சரி போட்டிருந்தா.

பிறகு இஸ்மத் கிடைத்தார்.
ஊர் கிண்ணியா. வேலை மன்னார் கச்சேரி.
வாப்பாவுக்குச் சிறுநீரகம் போய்
கிழமைக்கு இரண்டு தரம்
திருகோணமலை ஆஸ்பத்திரியில் இரத்தம் சுத்திகரிக்கிறார்களாம்.
கேட்டதும் எனக்குச் சந்தோசம் பொங்கியது.
உடனே கணவனுக்குக் கோல் எடுத்துச் சொன்னேன்,
"ஆள் கிடைச்சிட்டுது, தகப்பனுக்குக் கடும் வருத்தம்" என்று.
கடலில் நின்றார், காற்று இரைந்தது.
"என்ன சொன்னனீ?" என்றார்.
இரண்டாம் தரம் சொல்ல
வாய் வரவில்லை.

இரண்டு பைலும் கொழும்புக்குப் போயின.
நாங்கள் போனில் இடம் மாறத் தொடங்கினோம்.
என் மேசைக்கு மேலே விசிறி சுற்றாது என்றேன்.
யன்னலால் துறைமுகம் தெரியும்,
பகல் சாப்பாட்டு நேரம் அதைச் சாத்திவிடுங்கள்,
மான் தலையை நீட்டிப் பார்சலை இழுக்கும்.
அவர் சிரித்தார்.
தன் அறையின் கேத்திலை விட்டுவிட்டுப் போவதாய்ச் சொன்னார்.
எனக்கு ஏன் அறை, எனக்கு அங்கே வீடு இருக்கிறது
என்று சொல்லும்போது
குரல் கொஞ்சம் கூடிவிட்டது.

வாப்பா ஒரு வியாழக்கிழமை மௌத்தானார்.

சனிக்கிழமை ஊருக்குப் போகவில்லை.
பஸ் ஏறிப் பாலம் தாண்டிப் போனேன்.
முகத்தை முதல்தரம் அன்றுதான் பார்த்தேன்,
என்னைவிட இளையவர், தாடிக்குள் இரண்டு நரை.
பிளேன்ரீ தந்தார்கள்.
சுவரில், ஆணியில், சொப்பின் பையில்
கிளினிக் கொப்பி இன்னும் தொங்கியது.
அடுத்த திகதி, திங்கள், யாரோ சிவப்பில் வட்டம் போட்டிருந்தார்கள்.

கேற் வரைக்கும் வந்தார்.
"மிஸ், கந்தோருக்கு நான் சொல்லல்ல.
காய்ச்சல் எண்டுதான் லீவு போட்டிருக்கன்.
பைல் கொழும்பால வரட்டும்."
நான் ஒன்றும் கேட்கவில்லை. அவரே சொன்னார்:
"இனி எனக்கு எங்க இருந்தாலும் ஒண்டுதான்.
உங்களுக்கு அப்படி இல்லையே."

திரும்பும்போது பாலத்தின் இரு பக்கமும் தண்ணீர்.
முன் இருக்கையில் ஒரு பிள்ளை
கறுவாட்டுப் பையை மடியில் வைத்து மூக்கைப் பொத்தியிருந்தது.
கொழும்பில் ஏதோ ஒரு மேசையில்
அந்த மனிதர் இன்னும் உயிரோடு,
கிழமைக்கு இரண்டு தரம்,
மகன் பக்கத்தில் வேண்டும் என்று
நிகழ்காலத்தில் காத்திருக்கிறார்.
நான் அவரைக் கடைசிவரை பார்த்ததே இல்லை.

திங்கள், ஒன்பது மணி.
நிர்வாக உத்தியோகத்தர் கண்ணாடியைத் துடைத்தபடி கேட்டார்,
"உங்கட பதிலாளின்ர காரணம் அப்படியே இருக்குதானே?
கொழும்பிலிருந்து கேக்கினம்."

வெளியே மான் யன்னல் சட்டத்தை நக்கியது.
ஆஸ்பத்திரியில் இப்போது
ஒரு கட்டில் வெறுமையாய் இருக்கும்,
அல்லது அதற்குள் வேறு யாரையும் விட்டிருப்பார்கள்.

"ஓம் சேர்" என்றேன்.

"எழுத்தில தாங்கோ" என்றார்.