எழுபத்து மூன்றாம் தகடு

காப்பீட்டுக் கம்பெனிக்காக எடுத்த படங்கள்.
நனைந்த காப்பி மூட்டை, பிளந்த பீப்பாய்,
எலி கடித்த எள்.
நடுவில் நஷ்டம் மட்டும் நிற்கும்.
மனிதர்கள் ஓரத்தில், பாதி பாதியாய்:
ஒரு முழங்கை, கொஞ்சம் சிகரெட் புகை,
அசைந்துவிட்டதால் இரட்டைத் தலை வாங்கிய நாய்.

ரியேக்காவில், செத்த கால்வாய் என்று பேர்கொண்ட
கால்வாயின் கரையில், நூலக நிலவறையில்
அந்தக் கண்ணாடித் தகடுகளை ஸ்கேன் செய்தவன் நான்.
வெளியூர்க்காரன்.
துறைமுகம் எனக்குச் சம்பளம், அவ்வளவுதான்.

எழுபத்து மூன்றாம் தகட்டில்
எட்டாம் எண் கிரேன், கீழே ஆறு பேர்.
அதைத்தான் எல்லாரும் கேட்டார்கள்.
நாட்காட்டியில் வந்தது, ரொட்டிப் பையில் வந்தது,
கிடங்கை இடித்துக் கட்டிய ஹோட்டலின் வரவேற்பறையில்
சுவரளவு நின்றது.
பார்த்துப் பார்த்தே டோன்ச்சி
பழைய துறைக்கு ஒரு வரைபடம் போட்டார்:
கடலைப் பார்த்து நின்றால் இடப்பக்கம் சுங்கச் சாவடி,
வலப்பக்கம் மீன் வறுக்கும் கடை.
ஆமாம் ஆமாம் என்றது கூட்டம்.
"அந்தக் கடையில் கடன் வைத்தவன் நான்"
என்றார் ஒருவர்.
சாட்சிக்கு வேறென்ன வேண்டும்?

மூன்று வருஷம் கழித்து
புரா காற்று கதவை உதைத்த மார்ச் மாலை
நேவியா வந்தார். மழைக்கோட்டைக் கழற்றவில்லை.
நான்காவது ஆளின் மேல் விரல் வைத்தார்.
"அப்பாவுக்கு வின்ச்சில் போனது இடது கை.
இதில் வலது இல்லை."

தகட்டை விளக்கில் பிடித்தேன்.
பூச்சுப் பக்கத்தை மாற்றி வைத்திருக்கிறேன்.
எட்டு, எப்படித் திருப்பினாலும் எட்டு.
என்னைக் காட்டிக்கொடுக்க
வேறோர் எழுத்துகூட அந்தப் படத்தில் இல்லை.

திருத்தினேன். அறிவித்தேன்.
டோன்ச்சி வரைபடத்தை மடித்து
உள்பையில் செருகிக்கொண்டார்:
"உன் கண்ணாடி என்னவோ சொல்லட்டும். என் கால் வேறு சொல்கிறது."
கடன் வைத்தவர் இன்னும் வலப்பக்கத்துக்கே கடனாளி.
ஹோட்டல் பதில் போடவில்லை.

நேற்று அங்கே போனேன்.
சுவருக்கு முதுகு காட்டி ஒரு ஜோடி
செல்ஃபிக்குக் கை நீட்டியது.
அந்தச் சின்னத் திரை எல்லாவற்றையும் புரட்டிக் காட்ட,
ஷிமேயின் வலது கை அவருக்கே திரும்பிற்று,
மீன் கடை எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்தது,
சாவடி நகர்ந்து வழிவிட்டது.
நான் மூச்சைப் பிடித்தேன்.

அந்தப் பெண் பொத்தானைத் தொட்டாள்.
பதிவான படத்தில்
எல்லாம் பழையபடி.