இரண்டு முறை இரண்டு மணி

ஒக்டோபர் கடைசி ஞாயிறு.
மூன்று ஆகவேண்டிய இடத்தில்
மறுபடியும் இரண்டு.
பீல் நகரம் கூடுதலாக ஒரு மணித்தியாலம் புரண்டு படுக்க,
நான்காம் மாடியில்
மொனிக் மட்டும் கையுறையைக் கழற்றியபடி கேட்டாள்:
"இதுக்குச் சம்பளம் உண்டுதானே?"

பதிவேட்டில்
முதல் இரண்டுக்குப் பக்கத்தில் ஏ
அடுத்த இரண்டுக்குப் பக்கத்தில் பி.

பதினேழாம் கட்டில் எஷ்லிமான்
நேரம் கேட்டார்.
இரண்டு நாற்பது என்றேன்.
சிறுநீர்ப் பை மாற்றி,
இரண்டு அழைப்பு மணிக்கு ஓடி,
ஈரத் துணியோடு திரும்பி வந்தபோது
மறுபடி கேட்டார்.
இரண்டு நாற்பது.
"அப்படியென்றால் இவ்வளவு நேரமும்
எனக்கு வலிக்கவேயில்லை" என்று சிரித்தார்.
சிரித்ததில் தையல் வலித்தது.

குகதாசன் இந்நேரம் நல்ல நித்திரையில் இருப்பான்.
ஆறரைக்கு இதே கட்டடத்தின் அடியில்
முந்நூறு பேருக்குப் பாண் வெட்டவேண்டும் அவன்.
எனக்கு ஏழேகால் மட்டும்.
லிஃப்ட் அருகே நாலு நிமிடம் காண்போம்.
நோயாளியை ஒப்படைப்பது போலவே
பிள்ளையையும் ஒப்படைப்பான்:
"ராத்திரி முப்பத்தேழு எட்டு.
தோசை பாதி. கணக்கு முடிக்கேல்லை."
"வேறேதும்?" பழக்கத்தில் கேட்பேன்.
வாய் திறப்பான்.
லிஃப்ட் வந்துவிடும்.

அவன் புறப்பட்டு நான் போய்ச் சேரும்வரை
ஆரபி தனியே. ஒன்பது வயது.
அந்த நேரத்தைப் பற்றி
பள்ளிக்கூடத்தில் கதைக்கக்கூடாது என்று
சொல்லிவைத்திருக்கிறோம்.

கதவைத் திறந்தேன்.
இரவு உடுப்புக்கு மேலே குளிர்ச்சட்டை போட்டு
குசினிக் கதிரையில் இருந்தாள்.
சுவர் மணிக்கூட்டில் எட்டே முக்கால்.
"நேரம் மாறினது பிள்ளை,
இப்ப ஏழே முக்கால்தான்."
"தெரியும். அப்பா சொன்னவர்.
ஆனா நான் பார்த்துக்கொண்டிருந்தது
உந்த மணிக்கூட்டைத்தான்."

முள்ளைத் திருப்ப
கதிரையில் ஏறியவள் இறங்கிவிட்டேன்.

குளிர்ப்பெட்டிக் கதவில் அவன் எழுத்து,
போன மாத வேலை அட்டவணையின் பின்பக்கத்தில்:
பால் முடிஞ்சுது. ஞாயிறு.
ஸ்டேஷன் கடை மட்டும் திறப்பு.
அதற்குக் கீழே எதையோ எழுதி
அழுத்தி வெட்டியிருந்தான்.
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்,
வாசிக்க முடியவில்லை.

சப்பாத்துக் கழற்றாமலே "வா" என்றேன்.
சூஸ் கால்வாய்ப் பாலத்தில் வைத்து
தேவாலய மணி அடிக்கத் தொடங்கியது.
எட்டோடு நின்றது.
என் கையை விட்டுவிட்டு
அவள் விரல்மடித்து
ஒன்பதுவரை எண்ணினாள்.