பதினான்காவது வளைவில் ஒலி அடகு

"மறுபடியுமா?" என்றாள் பூங்காவனம்.
எனக்கு அது முதல் தடவை.

சட்டைப் பையில் ஒரு ரசீது இருந்தது,
துவைத்துத் துவைத்து மெத்தென்று ஆனது.
அடகு வைத்தவர்: கு. செங்கோடன், மாமாங்கம்.
பொருள்: ஒலி, ஒன்று.
எடை: பதினோரு கிராம் சொச்சம்.
ஒலியின் வகை என்ற இடத்தில்
மடிப்பு தின்றது போக
'அ' மட்டும் மிச்சம்.

அழுகையா, அழைப்பா, அதட்டலா,
அப்பா என்று யாராவது சொன்னதா?
எங்களுக்குப் பிள்ளை கிடையாது.
கிடையாது என்றுதான் ஞாபகம்.

ஏற்காடு பஸ் பதினான்காவது கொண்டை ஊசி வளைவில்
ஆளை இறக்கிவிடாது.
டிரைவர் பிரேக்கை மிதிக்கும் ஒரு நொடியில்
நாமாகக் குதித்துக்கொள்ள வேண்டும்.
பனிமூட்டத்துக்குப் பின்னால் நிற்கிறது கட்டடம்.
எங்கள் சுரங்கத்து வெள்ளைக்கல்.
நான் வெடிவைத்துப் பெயர்த்ததாகவும் இருக்கலாம்.
கதவு உண்டு, கூரை இல்லை;
சத்தம் நனையாது என்கிறார்கள்.
மாடிகள் மேலே போகாமல்
மலைக்குள் இறங்கிப் போகின்றன.

செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொள்ள வேண்டும்.
தும்மக் கூடாது.
தும்மினால் அதையும் பேரேட்டில் ஏற்றிப்
பெட்டி போட்டுவிடுவார்கள்.

சுவர் முழுக்க சில்வர் ஓக் இழுப்பறைகள்.
செவ்வாய்ப்பேட்டை வியாபாரி ஒருவர்
தராசுத் தட்டு தரை தொடும் ஓசையை வைத்திருக்கிறார்.
அம்மாபேட்டையிலிருந்து ஒரு தறிக்கூடமே
மொத்தமாக வந்திருக்கிறது;
அந்த அலமாரி மட்டும் ராத்திரியில் லேசாக நகருமாம்.
புருஷன் பெண்டாட்டி சண்டை ஒன்றை
ஜோடியாக வந்து வைத்தார்கள்.
ஒருத்தர் மட்டும் திரும்பி வந்து
பாதியை மீட்டுப் போனார்.
மீதி, வெறும் பதில்களாக, உள்ளே கிடக்கிறது.
கெடு தாண்டியவை ஏலத்துக்குப் போகும்.
ஓமலூரில் ஒருவர்
யாருடைய தாலாட்டையோ ஏலத்தில் எடுத்துப்
பன்னிரண்டு வருஷமாக நன்றாகத் தூங்குகிறார்.

குமாஸ்தா இன்னாசிமுத்து
மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு
என் கையெழுத்தைப் பார்த்தார்.
"போன வருஷத்தைவிடக் கோணல்."
"நான் போன வருஷம் வரலையே."
"ஆமாம்," என்றார். "வரலை."

பெட்டி வந்தது.
தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிது.
என் இடது காது வெடியில் போனது,
வலது காது அரை.
பெட்டியைக் கன்ன எலும்பில் வைத்துப் பார்த்தேன்.
உள்ளே ஏதோ
மூச்சை இழுத்துக்கொண்டு
சொல்வதற்குச் சற்று முன்னால் நின்றிருந்தது.
சூடாகக்கூட இருந்தது.

"அசல் பதினெட்டாயிரம்."
பணம் இருந்தது. எண்ணித்தான் கொண்டுபோனேன்.
ரப்பர் பேண்டைக் கழற்றினேன். மறுபடி போட்டேன்.
காலையில் இட்லிப் பொட்டலத்தைக் கொடுத்துவிட்டுப்
பூங்காவனம் சொல்லியிருந்தாள்:
"என்னுது மூணாவது தட்டுல இருக்கு.
அதைத் தொடாதே.
உன்னுதை மீட்டா எங்கிட்ட சொல்லாதே."

வட்டி மட்டும் கட்டுகிறேன் என்றேன்.
அங்கே வட்டிக்குப் பணம் வாங்குவதில்லை.
நினைவு ஒன்று.
அன்றன்றைக்கு உள்ளது போதும்.

இறங்குகிற பஸ்ஸில்
ரசீதின் பின்பக்கம் இதை எழுதுகிறேன்.
ஏற்கெனவே யாரோ பென்சிலால் எழுதி
துவைத்ததில் போன தடம் இருக்கிறது.
வளைவுக்கு வளைவு ஹாரன்.
பதின்மூன்றில் குமாஸ்தாவின் பெயர் தெரிந்திருந்தது.
பதினொன்றில் நெற்றிக்கு ஏறிய கண்ணாடி மட்டும்.
ஒன்பதில் ஒரு மர வாசனை,
கன்னத்தில் சின்னதாகச் சூடு,
எதனால் என்று

ஐந்தாவது வளைவில்
முன் சீட்டுக் குழந்தை
மதில்மேல் குரங்கைப் பார்த்து
'அ' என்று வாயைத் திறந்தது.
எனக்கு வலது காது அரை.
மீதியைக் கேட்க
முன்னால் குனிந்தேன்.