கதவு பூட்டியிருந்தது

மவுசாக்கலையில்
மூன்று மணிக்கு மேல் பனி இறங்கினால்தான்
அந்த நகரம் தெரியும்.
வெயிலில் தேட வேண்டாம்.
வெயிலில் அது வெறும் வெயில்.

பனி வந்து நிற்க நிற்க
துளிக்கு ஒரு செங்கல்.
தெருக்கள், வளைவுகள்,
யாரும் ஏறத் தேவையில்லாத படிக்கட்டுகள்.
கொழுந்து மலைக்கு முன்னூறு அடி மேலே,
கயிறில்லை, தூணில்லை,
எவரிடமும் பெர்மிட் எடுத்ததாகவும் தெரியவில்லை.

நான் மின்சார சபை ஆள்.
மாதம் ஒரு தரம் வந்து மீட்டர் பார்க்கிறவன்.
அண்ணாந்து பார்ப்பது என் வேலையில் சேராது.

"அவங்களுக்கு உடம்பு கிடையாது சேர்.
வெளிச்சம்தான் ஆள்.
ஓடிக்கிட்டே இருக்கிற சாதி.
ஒருத்தர் ஒரு கணம் நின்னா
நின்ன இடம் சுவராயிடும்.
அப்படி நின்னு நின்னு கட்டினதுதான் அம்புட்டும்."
சொன்னவள் நிரோஜினி.
ஃபெக்டரியில் ராத்திரி ஷிப்ட்.
உனக்கு எப்படித் தெரியும் என்றேன்.
"நாங்களும் நிக்கிற நேரத்துலதானே
எதையாச்சும் கட்டுறோம்."

முதலில் அவர்கள் இறங்கி வந்தது
ஆறாம் நம்பர் லயத்துக்கு.
காம்பராவுக்கு ஒரு பல்ப்.
கண்ணாடிக்குள் தங்கள் ஆள் யாரோ
அடைபட்டிருப்பதாக நினைத்திருக்கிறார்கள்.
மறியலுக்குப் பார்க்க வருகிறவர்கள் மாதிரி
இரவெல்லாம் பல்பைச் சுற்றி உட்கார்ந்தார்கள்.
பிறகு,
நீ கொஞ்சம் படு, நாங்கள் இருக்கிறோம்
என்று சொல்லியிருக்க வேண்டும்.
சுவிட்ச் அணைத்தே கிடந்தது.
காம்பராவில் வெளிச்சம் இருந்தது.
மீட்டர்த் தகடு
ஒரு பல்கூட நகரவில்லை.

ஹட்டனிலிருந்து கடிதம் வந்தது:
இருபத்திரண்டு வீடுகளில் பூச்சிய அலகு.
களவு மின்சாரமா? உடன் அறிக்கை தருக.

தோட்டத்திலிருந்தும் ஒரு கடிதம் போனது, மேலே.
எல்லைக் கல்லுக்கு நேர் மேலே உள்ள பனியும்
தோட்டத்துக்கே சொந்தமாம்,
பதினான்கு நாளில் காலி செய்ய வேண்டுமாம்.
விலாசம் என்ன எழுதுவது என்று
கிளாக்கர் விமலசிறி என்னைக் கேட்டான்.
இந்த லயத்துக்கு என்ன எழுதுவாய் என்றேன்.
தோட்ட ஆபீஸ், மேற்பார்வை, என்றான்.
அதையே எழுதினான்.
பசை டின்னோடு மலையுச்சிக்குப் போனான்.
ஒட்டச் சுவர் இருந்தது,
தொட்டால் கை ஈரமானது.
நோட்டீஸ் நழுவி
ஆடி ஆடி அணைக்கட்டில் விழுந்தது.

அணைக்கட்டுக்குள் பழைய பட்டணம் இருக்கிறது.
கோடை முற்றினால் கோயில் முகப்பு தலை நீட்டும்.
நோட்டீஸ் விழுந்த அன்று காற்றே இல்லை.
மேல் நகரத்தின் நிழல் தண்ணீரில் இறங்கி
தெருவைத் தேடிக்கொண்டு போய்
அடித்தெருவோடு பொருந்தியது.
ஒரு நிமிடம் இருக்கும்.
சேற்றுக்குள் யாரோ
கடைப் பலகை ஒவ்வொன்றாய்க் கழற்றினமாதிரி
கீழிருந்து வெளிச்சம்.
விமலசிறி பசை டின்னைக் கீழே வைத்துவிட்டான்.
அது இன்னும் அங்கேதான் இருக்கிறது.

நேற்று ஆறாம் நம்பருக்குப் போனேன்.
கதவு அகலத் திறந்திருந்தது.
நிரோஜினி ஷிப்ட் முடிந்து தூங்குகிறாள்,
கையில் கொழுந்துக் கறை,
கொடியில் நனைந்த பெட்சீட்.
பகல்தான்; ஆனால் பனி,
ஜன்னல் இருந்ததாக ஞாபகமில்லை.
அவள் புரண்டு படுத்தபோது
காம்பராவின் வெளிச்சம் தணிந்தது,
பிள்ளை தூங்கும் வீட்டில்
பேச்சைத் தணிப்பதுபோல.

போன மாதம் 04417.
இந்த மாதம் 04417.

படிவத்தில் மூன்று கட்டம்தான்:
வாசிக்கப்பட்டது.
மீட்டர் பழுது.
கதவு பூட்டு.

திறந்த வாசலில் நின்றுகொண்டு
மூன்றாவதில் புள்ளடி போட்டேன்.
இருபத்திரண்டு தரம்.
பேனை மை பனியில் ஊறிப் படர்ந்தது.

இறங்கும்போது திரும்பிப் பார்த்தேன்.
மேலே யாரோ
அவசரமில்லாமல்
இன்னொரு தெருவை நின்றுகொண்டிருந்தார்கள்.