ரெண்டு மணிக் கொடி

பகல் ரெண்டு மணிக்கு
மூணு தரம் சங்கு ஊதும்.
மூணாவது முடிவதற்குள்
கணியம்பாடி போகிற ரோட்டை
நான் நிறுத்தியிருக்க வேண்டும்.

மூங்கில் குச்சியில் கட்டிய சிவப்புத் துணி,
அவ்வளவுதான் என் உத்தியோகம்.
பதினாறாம் நம்பர் பஸ் நிற்கும்.
பால்கேனோடு சேட்டு நிற்பான்.
ஒரு தடவை பெண்பார்க்க வந்த வேன் நின்றது.
தட்டிலிருந்த மல்லிப்பூவின் வெள்ளைமேல்
இன்னொரு வெள்ளை படிந்தது.
மாடுகளை நிறுத்தத் தேவையில்லை,
சங்கு கேட்டதும் தாமாகவே
முகத்தைத் திருப்பிக்கொள்ளும்.

அப்புறம் பூமி
ஒரு விக்கல் எடுக்கும்.

விக்கலுக்கு விக்கல்
என் வீட்டுக் கிழக்குச் சுவரில் கோடு நீளும்.
போன ஆடியில் அதில்
தீப்பெட்டி அட்டை நுழைந்தது.
தையில் ஒரு ரூபாய்க் காசு.
இப்போது ஏகவல்லி
ரேஷன் கார்டை அதில்தான் செருகி வைக்கிறாள்.
எடுக்க வசதி என்றாள்,
சிரிக்காமல்.

ஊரில் மனு எழுதினார்கள்.
கிணற்றுத் தண்ணீரெல்லாம்
குவாரிக் குழிக்குள் இறங்கிவிட்டது என்று,
மல்லாட்டைச் செடியில்
மாவு பூசினாற்போல் தூசி என்று.
திங்கட்கிழமைகளில் வேலூர் போய்
டோக்கன் வாங்கி வரிசையில் நின்றார்கள்.
கையெழுத்துக்கு என்னிடமும் வந்தார்கள்.
சுவரில் சாத்தி வைத்திருந்த கொடியை
எடுத்துக்கொண்டேன்.
"கையில வேலை கீதுப்பா."
துரைக்கண்ணு என் பங்காளி.
பேனாவை மூடிக்கொண்டு
அடுத்த வீட்டுக்குப் போனான்.

அதிர்வை அளக்கும் பெட்டியோடு
ஓர் அதிகாரி வந்தார்.
பள்ளிக்கூட வராந்தாவில் அதை வைத்துவிட்டு
இளநீர் குடித்தார்.
அன்றைக்குச் சங்கு ஊதவில்லை.
எனக்கு லீவு என்று
முந்தின ராத்திரியே சொல்லியிருந்தான் மேஸ்திரி.
பெட்டி பூஜ்யம் எழுதியது.
பெட்டியைக் குற்றம் சொல்ல முடியாது.

லீவு நாளில் வீட்டில் இருந்தேன்.
ரெண்டு மணி ஆனது.
சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து
நடுவீட்டில் கையைத் தூக்கி
நின்றுகொண்டிருந்திருக்கிறேன்.

ஏகவல்லி தண்ணீர்ச் சொம்போடு வந்தவள்
அப்படியே நின்றுவிட்டாள்,
பஸ் நிற்பதுபோல.
சுவர் அசையவில்லை.
விரிசல் வழியாக மலை தெரிந்தது.
மலை இல்லை,
மலை இருந்த இடம்.

சொம்பில் தண்ணீர் தளும்பாமல்
கொஞ்ச நேரம் பார்த்திருந்து கேட்டாள்,
"இப்ப போலாமா?"