நான்கு துளை

முதலில் பேட்டரியின் மைனஸ்.
பத்தாம் நம்பர் ஸ்பேனர், அரைச் சுற்று.
கழன்ற முனையைப் பழைய சாக்ஸில் சுற்றி
ஓரமாகப் படுக்க வைத்தேன்.

ஃபஹாஹீலில் ஆகஸ்ட். இரவு பதினொன்றரை.
லிஃப்டை விட்டு இறங்கியதுமே மூக்குக்கண்ணாடியில் ஆவி படிந்து
என் சன்னியை நான் தடவித்தான் கண்டுபிடித்தேன்.

இரண்டு மாதமாக மீட்டரில் வெளிச்சம் இல்லை.
ராத்திரி ட்யூட்டி முடிந்து வரும்போது
முன்னால் போகும் தண்ணீர் லாரிதான் எனக்கு முள்.
அது மெதுவானால் நானும் மெதுவாவேன்.
"கராஜில் கொடு" என்றார் அவர், பர்கானிலிருந்து, போனில்,
பின்னால் ஏதோ மெஷின் இரைய.
மூன்று பல்புக்கு இருபது தினாரா?
நாளை மறுநாள் தர்மினி வருகிறாள்
நானூற்றைம்பதை எண்ணி எடுத்துக்கொண்டு.
மட்டக்களப்புக்காரி. லைசென்ஸ் கிடைத்துப் பதினோரு நாள்.

ஸ்டியரிங்கை முடிந்தமட்டும் இறக்கி
மேல்மூடியின் விளிம்பில் விரல் கொடுத்து இழுத்தால்
உடைந்தே விட்டது என்று நெஞ்சு சொல்லும் நொடியில்தான்
கிளிப் விடுகிறது.
உள்ளே நான்கு துளை.
மூன்று திருகு.
நான்காவதில் மணல்.

யாரோ வந்து போயிருக்கிறார்கள்.

முதுகில் சாக்கெட். அதைக் கண்ணால் பார்க்க முடியாது.
நரம்பே தெரியாத கைகளில் ரத்தம் எடுத்துப் பழகிய விரல்
இருட்டில் அதன் நாக்கைத் தேடி அமுக்கியது.
மொத்தமும் மடியில் வந்து விழுந்தது,
இவ்வளவு லேசா
என்று இருந்தது.
துப்பட்டாவில் மூடி எடுத்துப் போகையில்
ஹாரிஸ் எழுந்து நின்று லிஃப்டைத் திறந்துவிட்டான்.
குழந்தை என்று நினைத்திருக்க வேண்டும்.

சாப்பாட்டு மேசை. இட்லித் தட்டு:
ஒரு குழியில் மூடித் திருகு, ஒரு குழியில் மீட்டர்த் திருகு,
ஒரு குழியில் கருகிய பல்பு மூன்று.
முட்களைத் தொடவில்லை. தொட்டால் பொய் சொல்லும் என்று
எங்கோ கேட்டிருக்கிறேன்.
கண்ணாடியை எடுத்தேன், உள்ளே
யார் வீட்டு மாவோ என்கிற மாதிரி மென்மையான தூசி.

அப்புறம் அது.
எஞ்சின் படத்துக்குப் பின்னால்
சுண்டுவிரல் நகமளவு கறுப்பு டேப்.
கத்தரிக்கோலால் வெட்டியது. மூலைகூட வளைத்து வெட்டியது.
அஷ்ரஃப், வேலையில் நீ சுத்தக்காரன்.
பானட்டைத் தட்டித் தட்டி மாஃபி முஷ்கில், மாஃபி முஷ்கில்
என்றாயே அன்றைக்கு.

ஆறு வருடம்.
ஒரு விளக்கு எரிந்ததில்லை இந்த வண்டியில்
என்று லேபில் எல்லோரிடமும் சொல்லியிருக்கிறேன்.
தர்மினியிடமும்.
அது பொய்யில்லை. இப்போதுகூட
கட்டைவிரலால் ஒரு அழுத்து அழுத்தி
எல்லாவற்றையும் மாட்டிவிட்டால்
அது பொய்யில்லை.

தண்ணீர் குடித்தேன். மணி ஒன்று நாற்பது.
குழியில் கிடந்த பல்புகளை எண்ணினேன். மூன்றுதான்.

உரித்தபோது பசை பாகு மாதிரி நீண்டது.

மறுபடி கீழே. சாக்கெட், திருகு, திருகு, திருகு.
மைனஸ்.
சாவியைத் திருப்பினேன்:
எல்லாம் ஒன்றாக எரிந்தன, சிவப்பு, பச்சை, நீலம்,
எண்கள்கூட, இருபது, நாற்பது, அறுபது.
எஞ்சின் பிடித்ததும் ஒவ்வொன்றாக அணைந்தன.
ஒன்று அணையவில்லை.

அகமதி ரிஃபைனரியின் தீ
பின்கண்ணாடியில் அதே ஆரஞ்சு.

கோளாறு சின்னதாக இருக்கலாம்.
பெட்ரோல் மூடி சரியாக மூடாவிட்டாலும் எரியுமாம்.
ஆறு வருடமாக அது எதைச் சொல்லிக்கொண்டிருந்ததோ
நானறியேன்.
ஏசி போட்டேன். நிறுத்தினேன்.
டேப் இன்னும் கட்டைவிரலில். உதறினால்
ஆட்காட்டி விரலுக்கு மாறுகிறது.

இரண்டு மணிக்கு யாரும் எடுக்க மாட்டார்கள் என்ற தைரியத்தில்
அழைத்தேன்.
மூன்றாவது மணியிலேயே எடுத்துவிட்டாள்.
"அக்கா? வண்டிக்கு ஏதும் ஆச்சுதா?"