ஒன்பதாம் கேள்வி

மஞ்சக்குப்பத்தில், கண் ஆஸ்பத்திரிக்கு மேல்மாடி.
மின்விசிறி சுற்றுக்கு ஒரு தரம் இருமுகிறது.
ஏஜென்ட் மல்லிகேஸ்வரி
படிவத்தை என் பக்கம் திருப்பி வைக்கிறார்.

ஒன்பதாம் கேள்வி:
ஆபத்தான தொழில் ஏதேனும் செய்ததுண்டா?
"இல்லைன்னு போடுங்க மேடம், பிரீமியம் கம்மி."

பதினோரு வருஷம்
சண்டை நடக்கிற ஊர்களிலிருந்து செய்தி அனுப்பினேன்
என்கிறேன்.
பேனாவை மூடிவிட்டு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொள்கிறார்.
"சொல்லுங்க."

சொன்னேன்.
ஊறுகாய் டின்களுக்கு நடுவே
நாலு ராத்திரி நிலவறையில் கிடந்ததை.
ஐந்தாம் நாள் மேலே வந்தால்
வீடு இல்லை, வாசற்படி மட்டும் இருந்ததை;
பக்கவாட்டில் எங்கும் வெட்டவெளி,
ஆனாலும் வரிசையாக
அந்தப் படியில்தான் இறங்கினோம்.
சாவடியில் நின்ற பையன்
என் பாஸ்போர்ட்டைத் தலைகீழாகப் பிடித்துப் படித்ததை,
துப்பாக்கியை மட்டும் நேராகப் பிடித்திருந்ததை.
சிரித்தார்.
எல்லோரும் அங்கே சிரிப்பார்கள்.
எங்கே நிறுத்த வேண்டும் என்று எனக்குத் தெரியும்.

"அடி கிடி பட்டிருக்கா?"
இடது காதில் கொஞ்சம். அலை இரைச்சல் மாதிரி,
நிற்பதே இல்லை.
"எங்க தேவனாம்பட்டினத்துல
ரெண்டாயிரத்து நாலுலேர்ந்து
பாதிப் பேருக்கு அது உண்டு" என்றவர்
'இல்லை' கட்டத்தில் டிக் அடித்தார்.

அடுத்த பக்கம், நாமினி.

ரனீம் என்று எழுதினேன்.
வயது பதினான்கு.
முகவரிக்கு விட்ட இடத்தில் முகாமின் பெயரே முடியவில்லை,
கூடாரத்தின் எண்ணை ஓரத்தில் எழுதினேன்.

"யாரு மேடம் இது?"

யூனுஸின் மகள்.
யூனுஸ் என் மொழிபெயர்ப்பாளர்.
முன் இருக்கையில் கண் கூசுகிறது,
மாறி உட்காரலாமா என்று கேட்டேன்.
சூரியகாந்தி விதை கொறித்தபடியே
இறங்கி வந்து மாறினார்.
ஆறேழு நிமிடம் போயிருக்கும் கார்.

இதை எந்த மேடையிலும் சொன்னதில்லை.
இதில் தைரியம் எங்கும் வருவதில்லை,
வெயில் மட்டும்தான் வருகிறது.

மல்லிகேஸ்வரியிடமும் சொல்லவில்லை.
தெரிந்தவர் பெண் என்றேன்.

"உறவுமுறைன்னு ஒண்ணு போடணுமே.
காலியா விட்டா கம்ப்யூட்டர் எடுக்காது."
மகள், சகோதரி, பேத்தி என்று
திரையில் இருந்ததையெல்லாம் மெதுவாக வாசித்தார்.
நான் பேனாவைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

கலெக்டர் ஆபீஸ் மரங்களுக்குக் கீழே இறங்கிய வெயில்
ஜன்னல் கம்பிகளைத் தாண்டி
நேராக என் முகத்துக்கு வந்தது.

"கண்ணு கூசுது பாருங்க,
இப்படி என் சீட்டுக்கு வாங்க மேடம்,
நான் அங்க உக்காந்துக்கறேன்" என்று எழுந்தார்.

வேண்டாம் என்றேன்.
சத்தமாகச் சொல்லிவிட்டேன் போலிருக்கிறது.
கீழே, ஆஸ்பத்திரி வாசலில்
சொட்டுமருந்து விட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவர்கள்
மூடிய கண்களோடு நிமிர்ந்தார்கள்.